மடலாடற் குழுக்களின் எழுச்சியும் வீழ்ச்சியும்



டெலானிபூரில் நான் குடியிருக்கும் தெருவிலே, பள்ளி ஆசிரியராய்ப் பணியாற்றி ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவர் வாழ்கின்றார். சென்ற மழைக்காலத்தில் ஒருநாள் மாலை அவர் என்னை வீட்டிற்கு அழைத்துப் பழைய குறுந்தகடு ஒன்றைக் கையிற் கொடுத்தார். "தம்பி, என் கணினி பழுதாகிப் போயிற்று. இதில் இருப்பதை எடுத்துத் தர முடியுமா?" என்று கேட்டார்.

தகட்டைத் திறந்து பார்த்தேன். கோப்புகள் நிறைய இருந்தன. ஆனால் ஒரு சொல்லும் விளங்கவில்லை. தமிழும் அன்று, ஆங்கிலமும் அன்று. தலைமேல் புள்ளியும் கோடும் தாங்கிய ஐரோப்பிய எழுத்துகள் வரிவரியாய் ஓடின. "ஐயா, எல்லாம் கெட்டுவிட்டன" என்றேன். அவர் சிரித்தார். "கெடவில்லை தம்பி. அது தமிழ்தான். அந்தத் தமிழை உன் கணினி படிக்கக் கற்கவில்லை" என்றார். சற்றுப் பொறுத்து, "என் தாயார் பாடிய தாலாட்டு அதற்குள் இருக்கின்றது" என்றும் கூறினார்.

அவை மடல்கள். 2001, 2002-ஆம் ஆண்டுகளில் அபர்தீன் கடைத்தெருவில் இருந்த இணைய நிலையம் ஒன்றில், மணிக்கு இவ்வளவு என்று கட்டணம் கொடுத்து அமர்ந்து, உலகெங்கும் உள்ள தமிழரோடு அவர் ஆடிய மடல்கள். அவர் தாயார் பர்மாவிலிருந்து இத்தீவுகளுக்கு வந்தவர். அவர் பாடிய தாலாட்டில் நான்கு அடிகளே பெரியவர் நினைவில் நின்றன. எஞ்சிய அடிகளை அறிந்தவர் யாரேனும் உண்டோ என்று ஒரு குழுவிலே கேட்டிருக்கின்றார். பத்து நாளில் விடை வந்தது. மலேசியத் தோட்டப்புறத்தில் வளர்ந்த அம்மையார் ஒருவர் மீதி அடிகளை எழுதி அனுப்பியிருந்தார். பர்மாவிற்குப் போனவரும் மலேயாவிற்குப் போனவரும் தமிழகத்தின் ஒரே வட்டாரத்து ஊர்களிலிருந்து கப்பலேறியவர்கள் ஆகலாம் அன்றோ? ஒரு தாலாட்டு இரண்டு கடல்களைக் கடந்து, பிரிந்து, மீண்டும் கூடியிருக்கின்றது.

அதனைக் கூட்டிவைத்த குழு இன்று இல்லை. அது போன்ற நூற்றுக்கணக்கான குழுக்களும் இல்லை. அவை எவ்வாறு எழுந்தன, ஏன் வீழ்ந்தன என்பதை அறிந்து கொள்வது நமக்குப் பயன் தரும். ஏனெனில் அவர்கள் செய்த தவற்றை நாமும் இன்று நாள்தோறும் செய்துகொண்டிருக்கின்றோம்.

குழு என்பது யாது?

மாந்தர் எல்லார்க்கும் பொதுவான விருப்பங்கள் உண்டு. திரைப்படம், விளையாட்டு, அரசியல் ஆகியவற்றைப் பற்றிப் பேசத் தெருவுக்குப் பத்துப்பேர் கிடைப்பர். ஆனால் வெண்பா இலக்கணத்தில் ஐயம் உடையவன் எங்கே போவான்? பழைய நாணயம் தொகுப்பவன் யாரிடம் பேசுவான்? ஓர் ஊரில் ஒருவனாய், ஒரு நாட்டில் நூறுபேராய்ச் சிதறிக் கிடப்பவர் இத்தகையோர். இவர்கள் கூடுவதற்கு ஓர் இடம் வேண்டும். அதுவே மடலாடற் குழு. இணைய மன்றம் என்பதும் அதுவே. ஒருவர் எழுதுவார், எழுதியது உறுப்பினர் அனைவர்க்கும் செல்லும், வேண்டியவர் மறுமொழி எழுதுவர். ஒரு பொருள் பற்றிய மடல்கள் ஒன்றன்பின் ஒன்றாய்க் கோக்கப்பட்டு நிற்பதனை 'இழை' என்றனர். குழுவின் ஒழுங்கைக் காப்பவரை 'மட்டுறுத்துநர்' என்றனர்.

கணினி வருவதற்கு முன்பும் இத்தகைய கூட்டங்கள் இருந்தன. தம் கையாலேயே வானொலிக் கருவி அமைத்துத் தொலைநாட்டாரோடு பேசும் ஆர்வலரை எண்ணிப் பாருங்கள். 2004 டிசம்பரில், ஐதராபாத்திலுள்ள தேசிய அமெச்சூர் வானொலி நிறுவனத்தைச் சேர்ந்த பாரதி பிரசாத் அம்மையாரும் அவர் குழுவினரும் நம் போர்ட் பிளேரில் தங்கி, உலக ஆர்வலரோடு வானலையிற் பேசிக் கொண்டிருந்தனர். பார்ப்பவர்க்கு அது வெறும் பொழுதுபோக்கு. அம்மாதம் 26-ஆம் நாள் ஆழிப்பேரலை எழுந்து தொலைபேசிகள் ஊமையாயின. அன்று அந்தப் பொழுதுபோக்கே தீவுகளின் செய்தியை வெளியுலகிற்குக் கொண்டு சென்றது. சிறு கூட்டத்தின் சிறு விருப்பம் வீண் அன்று என்பதற்கு இதனினும் சிறந்த சான்று நமக்கு வேண்டுமோ?

பனிப்புயலிற் பிறந்த பலகை

கணினிவழிக் கூடிய முதல் மன்றங்களில் ஒன்று அமெரிக்காவின் சிகாகோ நகரிலே தோன்றியது. 1978 சனவரியில் அங்கே கடும் பனிப்புயல். வெளியே செல்ல இயலாத வார்டு கிறிஸ்டென்சன், ராண்டி சூஸ் என்னும் இருவர், தம் கணினிக் கழகத்தார் செய்திகளை எழுதிவைக்கவும் படிக்கவும் ஓர் 'அறிவிப்புப் பலகை'யைக் கணினியில் அமைக்க முனைந்தனர். பிப்ரவரி 16-இல் அது செயற்படத் தொடங்கியது. அதற்கு இருந்தது ஒரே தொலைபேசி இணைப்பு. ஆகவே ஒரு நேரத்தில் ஒருவரே உள்ளே வரமுடியும். அவர் படித்து, எழுதிவிட்டுச் சென்றபின் அடுத்தவர் வருவார்.

அடுத்த ஆண்டு, 1979-இல், டியூக் பல்கலைக் கழக மாணவர் டாம் டிரஸ்காட், ஜிம் எல்லிஸ் இருவரும் 'யூஸ்நெட்' என்னும் அமைப்பைத் திட்டமிட்டனர். ஒரு பல்கலைக் கழகத்துக் கணினி இரவிலே தொலைபேசிவழி மற்றொன்றை அழைத்துப் புதிய மடல்களைக் கொடுத்து வாங்கும். அது மூன்றாவதை அழைக்கும். இவ்வாறு கைமாறிக் கைமாறி மடல்கள் பரவின. பொருள்தோறும் தனித்தனிச் செய்திக்குழுக்கள் எழுந்தன. இதனைப் படைத்தவர் நம்மைப் போன்ற மாணவர்களே என்பதை மறவாதீர்கள்.

1990-களின் முற்பகுதியில் யூஸ்நெட்டில் தமிழர்க்கென்றும் ஒரு செய்திக்குழு இருந்தது. அமெரிக்காவிலும் கனடாவிலும் ஐரோப்பாவிலும் பயின்ற தமிழ் மாணவரும் பொறியாளரும் ஈழத்தமிழரும் அங்கே வாதிட்டனர். ஆனால் தமிழை ஆங்கில எழுத்திலே எழுதினர். இந்தியாவிலோ, பொதுமக்களுக்கு இணையம் கிடைத்ததே 1995 ஆகஸ்ட் 15-இல், விதேஷ் சஞ்சார் நிகம் நிறுவனத்தின் வழியாகத்தான்.

தமிழுக்கு வந்த இடர்

தமிழைத் தமிழெழுத்திலே எழுத முயன்றபோது இடர் ஒன்று எதிர்ப்பட்டது. பெரியவரின் தகடு எனக்குப் புரியாமற் போனதும் இதனாலேதான். ஆதலின் இதனைச் சற்று விளக்குவேன்.

கணினிக்கு எழுத்துத் தெரியாது, எண்தான் தெரியும். அக்காலக் கணினியில் ஓர் எழுத்துக்கு ஒரு பைட்டு இடம். அதில் 256 அறைகள் உண்டு என்று கொள்வோம். முதல் 128 அறைகளில் ஆங்கில எழுத்தும் எண்ணும் குறிகளும் குடியேறிவிட்டன. எஞ்சியவை 128. தமிழில் எழுத்துகளோ 247. எல்லாவற்றையும் வைக்க இடம் ஏது? எனவே உறுப்புகளாகப் பிரித்து வைத்தனர். 'கொ' என்பதற்குத் தனி அறை வேண்டா. கொம்பு ஓர் அறையில், ககரம் ஓர் அறையில், கால் ஓர் அறையில் இருந்தாற் போதும். ஆனால் 'கு', 'கூ' போன்றவை அவ்வாறு பிரியா. அவற்றிற்குத் தனி அறைகள் வேண்டும்.

எந்த உறுப்பை எந்த அறையில் வைப்பது? இங்கேதான் குழப்பம் விளைந்தது. எழுத்துரு செய்தவர் ஒவ்வொருவரும் தத்தம் விருப்பப்படி வைத்தனர். ஒருவர் 'க' வைத்த அறையில் மற்றொருவர் 'ற' வைத்தார். கோலாலம்பூரில் ஓர் எழுத்துருவில் எழுதிய மடலை, டொராண்டோவில் வேறோர் எழுத்துருவில் திறந்தால் உளறலாய்த் தெரிந்தது. எழுத்துருவே இல்லாத கணினியிலோ ஐரோப்பிய எழுத்துகள் தோன்றின. தமிழர் ஒரே மொழியில் எழுதியும் ஒருவர்க்கொருவர் ஊமையராயினர்.

இந்த இடரைத் தீர்க்கப் பலர் உழைத்தனர். சிங்கப்பூரில் நா. கோவிந்தசாமி முயன்று, 1995 அக்டோபரில் தமிழ்க் கவிதைகளை இணையத்தில் ஏற்றினார். சுவிட்சர்லாந்திலிருந்து கு. கல்யாணசுந்தரம் 'மயிலை' எழுத்துருவை இலவசமாய் வழங்கினார். மலேசியாவில் முத்து நெடுமாறன் 'முரசு அஞ்சல்' என்னும் மென்பொருளை ஆக்கினார். மலேசியத் தமிழரான பாலா பிள்ளை சிட்னியிலிருந்து 1990-களின் நடுவில் தொடங்கி நடத்திய 'தமிழ்.நெட்' மடலாடற் குழுவில் தமிழெழுத்திலேயே மடல்கள் ஓடின.

அந்தத் தமிழ்.நெட்டைச் சார்ந்த குழுவொன்றிலே, 1997 முதல், பொதுவான அறைவரிசை ஒன்றைப் பற்றிய உரையாடல் நடந்தது. எந்த உறுப்பு எந்த அறைக்கு என்று உலகின் பல மூலைகளிலிருந்தும் மடல்கள் பறந்தன. சினந்தவர் உண்டு, விலகியவர் உண்டு. எனினும் முடிவில் ஒரு வரிசை உருவாயிற்று. 'திஸ்கி' என்று அதனை அழைத்தனர். அரசாணையின்றி, ஊதியமின்றி, பெரும்பாலோர் ஒருவர் முகத்தை ஒருவர் பாராமலே இயற்றிய வரிசை அது. 1999 பிப்ரவரியில் தமிழ்நாட்டரசு சென்னையில் மாநாடு கூட்டியது. அதன்பின் 'டாம்', 'டாப்' என்னும் வேறிரு வரிசைகளையும், தமிழ்99 விசைப்பலகையையும் அரசு ஏற்றது. ஆயினும் மடலாடற் குழுக்களில் நெடுநாள் வழங்கியது திஸ்கியே. பெரியவர் எழுதியதும் திஸ்கியிலேதான். இணைய நிலையத்துக் கணினியில் அந்த எழுத்துரு இராது என்பதனால், நெகிழ்வட்டு ஒன்றில் எழுத்துருவையும் சட்டைப்பையிலே சுமந்து செல்வாராம்!

கூடிச் செய்த வேலை

அதே குழுவின் உரையாடல்களிலிருந்து மற்றொரு நற்பணியும் முளைத்தது. பழந்தமிழ் நூல்களைக் கணினியில் ஏற்றி யாவர்க்கும் இலவசமாய் வழங்க வேண்டும் என்னும் எண்ணம் அது. 1998-ஆம் ஆண்டுப் பொங்கலன்று 'மதுரைத் திட்டம்' தொடங்கிற்று. கல்யாணசுந்தரம் தலைமை தாங்க, அமெரிக்காவில் இருந்த குமார் மல்லிகார்ச்சுனன் துணை நின்றார். ஒரு நாட்டிலிருப்பவர் நூலைத் தட்டெழுதுவார். வேறொரு நாட்டிலிருப்பவர் பிழை திருத்துவார். சங்க நூல்கள், காப்பியங்கள், சிற்றிலக்கியங்கள், இக்கால நூல்கள் என்று தொகுப்பு வளர்ந்தது. இன்றும் வளர்ந்து வருகின்றது. நம் தீவுகளில் தமிழ் நூல் கிடைப்பது அரிது என்பதை நாம் அறிவோம். தேர்வுக்காகவோ விருப்பத்திற்காகவோ பழைய நூலொன்றைக் கைப்பேசியில் இறக்கிப் படித்த மாணவர் நம்மிலே பலர். முகமறியாத அக்குழுவினரின் உழைப்பை உண்டவர் நாம்.

மரத்தடியும் காப்பி கிளப்பும்

2000-ஆம் ஆண்டில் யாகூ நிறுவனம் 'ஈகுரூப்ஸ்' என்னும் நிறுவனத்தை வாங்கியது. அதுவே பின்னர் 'யாகூ குழுமம்' ஆயிற்று. இத்தகைய இலவசச் சேவைகள் வருமுன் ஒரு குழுவை நடத்துவதற்குத் தனிக் கணினியும் தொழில்நுட்ப அறிவும் வேண்டியிருந்தன. அவை வந்தபின் பெயரும் விருப்பமும் போதும். ஐந்து நிமிடத்தில் ஒரு மன்றம் எழுந்துவிடும், கட்டணமும் இல்லை.

தமிழர் இதனை நன்கு பயன்கொண்டனர். மலேசியாவிலிருந்து மருத்துவர் சி. செயபாரதி நடத்திய 'அகத்தியர்' குழுவில் வரலாறும் சமயமும் பேசப்பட்டன. 'மரத்தடி'யிலும் 'ராயர் காப்பி கிளப்'பிலும் கதை, கவிதை, நூல்நயம், நகைச்சுவை ஆகியவை களைகட்டின. 'சந்தவசந்தம்' மரபுக் கவிதைக்கென்றே அமைந்தது. வெண்பா எழுதி அனுப்பினால் தளை தட்டுவதைச் சுட்டிக்காட்டத் தேர்ந்த கவிஞர் இருந்தனர். ஈழத்தமிழர்க்கு, 1999-இல் தொடங்கிய 'யாழ்' களம் இருந்தது. எழுத்துப் பழகாத பொறியாளர் சிலர் இக்குழுக்களில் எழுதிப் பழகிப் பின்னர் எழுத்தாளராயினர்.

செழித்தது ஏன்?

செழிப்பிற்குக் காரணம் மூன்று என்பேன்.

முதலாவது, வாயில் குறுகியது. விருப்பம் உடையவரே தேடி வந்தனர். வந்தவர் அனைவரும் ஒன்றையே நாடினமையால் பேச்சு ஆழமாயிற்று.

இரண்டாவது, காவலர் இருந்தனர். மட்டுறுத்துநர் ஊதியமின்றி உழைத்தார். வசையை வடிகட்டினார், புதியவர்க்கு முறையைக் கற்பித்தார், சண்டையிட்டவரை அமைதிப்படுத்தினார்.

மூன்றாவது, இணைப்பு மெல்லியது. ஆகவே பேச்சு நிதானமாய் நடந்தது. இதில் நம் தீவுகளே சான்று. அந்நாளில் இங்கே இணையம் செயற்கைக்கோள் வழியாகவே வந்தது. படம் ஒன்றைத் திறப்பதற்குள் பொறுமை போய்விடும். ஆனால் மடல் என்பது வெறும் எழுத்து. இரண்டாயிரம் எழுத்துறுப்புகள் கொண்ட ஒரு மடல் திஸ்கியில் இரண்டு கிலோபைட்டுத்தான். இன்று கைப்பேசியில் எடுக்கும் மூன்று மெகாபைட்டுப் படம் ஒன்று அத்தகைய ஆயிரத்தைந்நூறு மடல்களுக்குச் சமம். ஆகவே பெரியவர் என்ன செய்தார்? நிலையத்தில் அரைமணி நேரம் அமர்ந்து அன்றைய மடல்கள் எல்லாவற்றையும் நெகிழ்வட்டில் இறக்கிக் கொள்வார். வீட்டிற்கு வந்து ஆறுதலாய்ப் படிப்பார். இரண்டு நாள் எண்ணி மறுமொழி எழுதுவார். அடுத்தமுறை சென்று அனுப்புவார். "கோபமாக எழுதியதை இரண்டாம் நாள் கிழித்துவிடுவேன் தம்பி, அதனால் எனக்குப் பகைவரே இல்லை" என்று அவர் சொன்னபோது நான் நாணினேன். நாமோ கோபம் வந்த நொடியிலேயே அனுப்பிவிடுகின்றோம் அல்லவா?

வீழ்ந்தது ஏன்?

எழுச்சிக்குக் காரணமானவை ஒவ்வொன்றாய்ச் சாய்ந்தபோது வீழ்ச்சி வந்தது.

வாயில் அகன்றதை முதலிற் கூறுவேன். அமெரிக்கப் பல்கலைக் கழகங்களில் ஆண்டுதோறும் செப்டம்பரில் புதிய மாணவர் சேர்வர்; யூஸ்நெட்டில் நுழைந்து முறையறியாது எழுதுவர். பழையவர் பொறுமையாய்த் திருத்துவர். ஒரு மாதத்தில் அமைதி திரும்பும். 1993, 94-ஆம் ஆண்டுகளில் வணிக நிறுவனங்கள் தம் வாடிக்கையாளர் அனைவர்க்கும் வாயிலைத் திறந்தன. புதியவர் வந்தவண்ணம் இருந்தனர். கற்பிக்கும் வேகத்தை வருகை வென்றது. அன்று தொடங்கியதை 'முடிவில்லாத செப்டம்பர்' என்று பழைய உறுப்பினர் குறைபட்டனர். புதியவர் மேற் குற்றமில்லை. ஆசிரியர் ஒருவர்க்கு மாணவர் ஆயிரவர் என்றால் பள்ளி எவ்வாறு நடக்கும்?

இரண்டாவது, காவலர் களைத்தனர். பெரும்பான்மைக் குழுக்கள் ஓரிருவர் தோளிலே நின்றன. அவர்க்கு வேலை மாறியது, உடல் நலிந்தது, மனம் கசந்தது. அடுத்தவரைப் பழக்கி வைக்கவில்லை. தலைவர் ஓய்ந்ததும் குழு ஓய்ந்தது.

மூன்றாவது, எழுத்து மாறியது. உலக மொழிகள் அனைத்திற்கும் தனித்தனி அறைகள் வகுத்த 'யூனிகோடு' முறையில் தமிழ்க்கு 1991-இலேயே இடம் கிடைத்தது. ஆனால் 2000-ஆம் ஆண்டிற்குப் பின்னரே பொதுமக்களின் கணினிகள் அதனைக் காட்டத் தொடங்கின. யூனிகோடு தமிழுக்குப் பெரும் பேறு, அதில் ஐயமில்லை. எழுத்துருவைச் சட்டைப்பையிற் சுமக்கும் துன்பம் ஒழிந்தது. ஆனால் திஸ்கியில் எழுதப்பட்ட பழைய மடல்களை மாற்றி வைக்கப் பலர் கருதவில்லை. வாசிக்கத் தெரிந்த மென்பொருள் மறைய மறைய, அவை பழைய வட்டெழுத்தைப் போல் ஆயின.

நான்காவது, புதிய தெருக்கள் திறந்தன. 2003-ஐ ஒட்டிப் பலரும் தமக்கெனத் தனி வலைப்பதிவு தொடங்கினர். பின்னர் ஆர்க்குட்டு வந்தது. 2006-இல் ஃபேஸ்புக்கு எல்லார்க்கும் திறந்தது. 2009-இல் வாட்ஸ்அப்பு பிறந்தது. குழுவிலே பொருளைச் சுற்றி மக்கள் அமர்ந்தனர். இங்கே ஆளைச் சுற்றி மக்கள் அமர்கின்றனர். மரத்தடியிலிருந்து எழுந்து அவரவர் வீட்டு வாயிலில் நாற்காலி போட்டுக் கொண்டதைப் போன்றது இது.

ஐந்தாவது காரணமே கொடியது. வீடு வாடகை வீடு. வாடகையும் கொடுக்காத வீடு. யாகூ நிறுவனத்திற்கு அக்குழுக்கள் ஆதாயம் தரவில்லை. 2019 அக்டோபரில் அது தன் முடிவை அறிவித்தது. டிசம்பரில், தளத்தில் இருந்த பழைய மடல்களும் கோப்புகளும் படங்களும் நீக்கத்திற்கு உள்ளாயின. 2020 டிசம்பர் 15-இல் குழுமம் முற்றும் மூடப்பட்டது. அறிவிப்புக்கும் நீக்கத்திற்கும் இடையே ஆர்வலர் சிலர் உலகெங்கும் இருந்து இயன்றவரை படியெடுத்தனர். கைக்கு எட்டியது சிறிதே.

இங்கே நம் தீவுகளின் கதையை மீண்டும் நினையுங்கள். சென்னையிலிருந்து போர்ட் பிளேர்க்கும் பிற தீவுகளுக்கும் கடலடியில் ஏறத்தாழ 2,300 கிலோமீட்டர் நீளக் கண்ணாடியிழை வடம் இட 2018 டிசம்பர் 30-இல் அடிக்கல் நாட்டப்பட்டது. 2020 ஆகஸ்ட் 10-இல் அவ்வடம் திறக்கப்பட்டது. நெடுநாள் ஏங்கிய விரைவான இணையம் நமக்கு வந்தது. வந்த நான்கு திங்களில், மெல்லிய இணைப்பின் காலத்தில் நம் பெரியோர் போய் அமர்ந்த மன்றம் மூடப்பட்டது. பாதை அகன்றபோது போக வேண்டிய வீடு இல்லை!

எஞ்சியது எது?

முற்றும் அழிந்ததோ எனின், இல்லை. மதுரைத் திட்டம் நிற்கின்றது. ஏன்? அது பேச்சாய் நின்றுவிடாமல் வேலையாய் மாறியது. தனக்கெனத் தனித் தளம் கொண்டது. நூல்களை மாறிய எழுத்துமுறைக்கு மாற்றிக் கொண்டது. யாழ் களம் தன் சொந்த வீட்டிலே இருந்தமையால் யாகூ வீழ்ந்தபோது அது வீழவில்லை. சந்தவசந்தக் கவிஞர் வேறிடம் பெயர்ந்து சென்று பாடி வருகின்றனர். 2003-இல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவில் தன்னார்வலர் கட்டுரை எழுதிச் சேர்க்கின்றனர்.

இவற்றால் ஒன்று விளங்குகின்றது. ஏட்டுச் சுவடி ஏன் பிழைத்தது? ஓலை நிலைத்ததனால் அன்று. ஓலை நிலையாதது என்று அறிந்தவன் அதனைப் படியெடுத்ததனால். நூற்றாண்டுக்கு ஒருமுறையேனும் ஒருவன் அமர்ந்து எழுத்தாணியாற் புதிய ஓலையில் எழுதினான். எழுதாத நூல் செல்லுக்கு இரையாயிற்று. எழுதிய நூல் உ. வே. சாமிநாதையர் கைக்கு வந்து சேர்ந்தது. கணினி வந்ததும் நாம் இந்தப் பழைய அறிவை மறந்தோம். 'அங்கே இருக்கின்றது, எப்போதும் இருக்கும்' என்று எண்ணிவிட்டோம். அங்கே என்பது எங்கே? யாருடைய வீட்டில்? இதனைக் கேட்க மறந்தோம்.

நாம் செய்யத் தக்கது

தோழர்களே, நம் கைப்பேசியில் எத்தனை குழுக்கள் உள்ளன என்று எண்ணிப் பாருங்கள். தமிழ் மன்றத்திற்கு ஒன்று, வகுப்பிற்கு ஒன்று, ஊருக்கு ஒன்று. அவற்றிலே வெற்றுப் பேச்சு மட்டுமா ஓடுகின்றது? பர்மாவிலிருந்து வந்த பாட்டனைப் பற்றி ஒருவர் எழுதுகின்றார். 1964-ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின் பின் இலங்கையிலிருந்து வந்து கச்சால் தீவின் இரப்பர்த் தோட்டத்தில் குடியேறிய தன் குடும்பத்தைப் பற்றி மற்றொருவர் குரலிலே பதிந்து அனுப்புகின்றார். ஆழிப்பேரலையன்று தாம் தப்பிய கதையை இன்னொருவர் கூறுகின்றார். இத்தீவுத் தமிழரின் வரலாறு புத்தகத்தில் உள்ளதைவிட இம்மடல்களில் மிகுதியாக உள்ளது. அடுத்த கைப்பேசி வாங்கும் நாளில் அவை என்னாகும்?

நான் கேட்பது பெரியதன்று. ஒவ்வொரு குழுவிலும் ஒருவர் ஏட்டுக் காவலராய் இருக்கட்டும். போற்றத்தக்க செய்தி வந்தால், எழுதியவர் இசைவைப் பெற்று, அதனைத் தனிக் கோப்பிலே நாளும் பெயரும் இட்டுச் சேர்க்கட்டும். கோப்பு ஓரிடத்தில் மட்டும் இராமல் இரண்டு இடத்தில் இருக்கட்டும். ஒரு படி தாளில் இருக்கட்டும். ஆண்டுக்கு ஒருமுறை அதனைத் திறந்து, படிக்க முடிகின்றதா என்று பார்க்கட்டும். காவலர் படிப்பு முடித்துச் செல்லும்போது அடுத்தவரைப் பழக்கிவிட்டுச் செல்லட்டும். நம் மன்றம் இதனை ஒரு பணியாக ஏற்குமாயின் செலவு ஏதுமில்லை.

பெரியவரின் தகட்டைப் பற்றிக் கூறி முடிக்கின்றேன். திஸ்கியை யூனிகோடாக மாற்றும் மென்பொருள் இன்றும் இலவசமாய்க் கிடைக்கின்றது. ஒரு மாலை முழுதும் அமர்ந்து மாற்றினேன். தகட்டிற் சில கோப்புகள் நம் தீவின் ஈரக் காற்றிற் பழுதாகித் திறக்க மறுத்தன. திறந்தவற்றுள் மலேசிய அம்மையாரின் மடல் இருந்தது. அச்சிட்டு எடுத்துச் சென்றேன். அவர் கண்ணாடியை மாட்டிக் கொண்டு மெல்லப் படித்தார். படித்துவிட்டுத் தம் பேத்தியை அழைத்து, "அம்மா, ஒரு நோட்டுப் புத்தகம் கொண்டு வா. இதை உன் கையெழுத்தில் எழுதிக் கொள்" என்றார்.

அவள் எழுதத் தொடங்கினாள். நாமும் தொடங்குவோம்.